யார் கையெழுத்து?

வரப்புத் தகராறு என்று யாராவது வழக்குக் கட்டோடு வந்தால், முதல் தகவல் அறிக்கையைப் பிரிக்காமலே தண்டனைச் சட்டப் பிரிவுகளைச் சொல்லிவிடுவேன்: 294(பி), 323, 506(2). அசிங்கமாகத் திட்டினார், கையால் அடித்தார், கொன்றுவிடுவேன் என்றார். 2024 ஜூலை 1-இல் புதிய தண்டனைச் சட்டம் வந்த பிறகு எண்கள் 296(பி), 115(2), 351(3) ஆகிவிட்டன. வசவு அதேதான்.

நான் வக்கீல் தொழிலுக்கு வந்த புதிதில் பங்காளிகள் இருவர் வந்தார்கள். "ராஜியாகிக்கிறோம் சார், முடிச்சுக் குடுங்க." புகார் கொடுத்தவரும் எதிரியும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து டீ குடித்ததைப் பார்த்ததும் எனக்குப் பெருமை தாங்கவில்லை. அன்றைக்கே கூட்டு மனு எழுதி இருவரிடமும் கையெழுத்து வாங்கி நடுவர் முன் வைத்தேன். புரட்டிப் பார்த்துவிட்டு ஒரே கேள்வி கேட்டார்: "அடிபட்டது யார்?"

அடிபட்டது புகார்தாரரின் தாய். மகன் ஸ்டேஷனுக்குப் போய்ப் புகார் கொடுத்ததோடு சரி. குற்றவியல் நடைமுறைச் சட்டம் 320-இல் (இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 359) உள்ள அட்டவணைக்கு மூன்று பத்திகள். குற்றம் என்ன, பிரிவு எது என்பதோடு நிறுத்திக்கொள்கிறவர்கள் உண்டு. நானும் அப்படித்தான் இருந்தேன். யார் சமரசம் செய்யலாம் என்பது மூன்றாவது பத்தியில் இருக்கிறது. 323-க்கு அங்கே இருப்பவர் காயம்பட்டவர்; புகார் எழுதிக் கொடுத்தவர் அல்ல.

அடுத்த வாய்தாவுக்கு அந்த அம்மாவை அழைத்து வந்தார்கள். மகன் பக்கத்தில் நின்றவரை "சரிங்க, சரிங்க" என்றார். கட்சிக்காரர்களை அனுப்பிவிட்டு வேப்பமரத்தடியில் தனியாகக் கேட்டபோது வேறு பேச்சு வந்தது. "அடியை மறந்துட்டேன் தம்பி. கல்லைத் தள்ளி நட்டிருக்கான். நான் ரேகை வச்சா கல்லு திரும்பி வருமா?"

எங்கள் மனுவில் கல்லைப் பற்றி ஒரு வரி இல்லை. மனுவைத் திரும்பப் பெற்று, தாலுகா சர்வேயரை வைத்து அளந்து, கல்லைப் பழைய இடத்தில் நட்ட பிறகுதான் ரேகை விழுந்தது. அன்று முதல் அடிபட்டவரைத் தனியாகப் பேசவைக்காமல் நான் சமரச மனு எழுதுவதில்லை. ஊர்ப் பெரியவர்களும் உறவும் சூழ்ந்து நிற்கையில் வருகிற "சரி"யை நம்ப முடியாது.

அப்படியும் ஒரு முள் மிச்சம். 323-க்கும் 506-க்கும் ராஜி உண்டு, அதன் பலன் விடுதலை. 294(பி) அந்த அட்டவணையிலேயே இல்லை. "சாட்சியைப் பிறழ வச்சிடுங்க, முடிஞ்சிடும்" என்றார் சீனியர் ஒருவர். பலர் செய்வதுதான். உண்மையைச் சொல்லிவந்த கிழவியைக் கூண்டில் ஏற்றி, சத்தியம் செய்துவிட்டுப் பொய் சொல்ல வைப்பதற்குப் பெயர் சமரசமா?

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போனோம். ராஜிக்கு இடமில்லாத பிரிவாக இருந்தாலும், தனிப்பட்ட தகராறு தீர்ந்துவிட்டால் நடைமுறைச் சட்டம் 482-இன் கீழ் (இன்று 528) உயர் நீதிமன்றம் வழக்கை ரத்து செய்யலாம் என்று ஞான் சிங் வழக்கில் 2012-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. கொலை, பாலியல் வன்முறை போன்றவை சமூகத்துக்கு எதிரானவை, அவற்றுக்கு இந்த வழி இல்லை என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. ராஜஸ்தானில் ஆசிரியர் ஒருவர் மீதான போக்சோ வழக்கு சிறுமியின் தந்தையோடு செய்த சமரசத்தால் ரத்தானது. 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாதாக்கியது. அந்த மாதிரிக் கட்டு வந்தால் நான் வாசலோடு அனுப்பிவிடுகிறேன்.

மதுரையில் சப்-இன்ஸ்பெக்டர் அடையாளம் காட்ட, அந்த அம்மா நீதிபதி முன் நின்றார். யாராவது வற்புறுத்தினார்களா என்று கேட்கப்பட்டது.

"இல்லீங்கய்யா. கல்லு வந்திருச்சு."

வழக்கு ரத்தானது.