விராட பருவம் படித்தால் மழை வரும்

செஞ்சிப் பக்கத்துக் கிராமங்களில் மழை பொய்த்த வருஷத்தில் பெரியவர்கள் கூடி எடுக்கிற முடிவு ஒன்றுதான்: விராட பருவம் படிக்க வேண்டும். பிரசங்கியாருக்குச் சொல்லியனுப்புவார்கள். திரௌபதியம்மன் கோயில் முன்னால் பந்தல் போடுவார்கள். பாண்டவர்கள் விராடன் தேசத்தில் மறைந்து வாழ்ந்த அந்த ஒரு வருஷக் கதையை ஊரே உட்கார்ந்து கேட்கும். கேட்டால் மேகம் கூடும் என்பது நம்பிக்கை. அந்த ஊர்களில் ஒன்றில் வளர்ந்தவன் நான். இன்று வசிப்பது சென்னையில், ஆறாவது மாடியில்.

வேறு பருவம் எதுவும் உதவாது, விராட பருவம்தான் வேண்டும். காரணம் கதைக்குள்ளேயே இருக்கிறது. ஒளிந்திருக்கும் பாண்டவர்களைத் தேடி அலுத்துப்போகிறான் துரியோதனன். அப்போது பீஷ்மர், தருமன் இருக்கிற நாட்டில் பருவம் தப்பாமல் மழை பெய்யும், பயிர் செழிக்கும், பசுக்கள் பால் பெருக்கும், அதை வைத்துக் கண்டுபிடி என்கிறார். தருமன் இருந்தால் மழை இருக்கும். ஊர்க்காரர்கள் அதையே திருப்பிப் போட்டார்கள். தருமன் இங்கேதான் இருக்கிறான் என்று கதையைச் சொல்லி நிலைநாட்டிவிட்டால் மழை வராமல் எங்கே போகும்?

சொன்னது நடக்கும் என்பதை அடிப்படை விதியாகக் கொண்ட ஒரு விஞ்ஞானம் எங்கள் ஊரில் இருந்தது என்றுதான் இப்போது எனக்குத் தோன்றுகிறது. அதற்குக் கட்டுப்பாடுகளும் உண்டு. பாரதத்தை வீட்டுக்குள் படிக்கக் கூடாது, படித்தால் குடும்பம் பிரியும். திரௌபதியம்மன் திருவிழாவுக்குக் காப்புக் கட்டிவிட்டால் ஊர்க்காரர்கள் வெளியூரில் இராத்தங்கக் கூடாது. தொடங்கிய கதையைத் தருமர் பட்டாபிஷேகம் வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்க்காமல் விடக் கூடாது. வில்லிபுத்தூரார் 10 பருவத்தோடு முடித்துக்கொண்டார், நல்லாப்பிள்ளை 18 பருவமும் பாடினார். யார் பாட்டை எடுத்தாலும் முடிவில் தருமனுக்கு முடிசூட்டியாக வேண்டும். சாவைச் சொல்லிவிட்டு அப்படியே எழுந்து போனால் அது ஊரில் தங்கிவிடும் என்று பாட்டி சொல்வாள்.

அந்தத் திருவிழாவில் மத்தியானம் பிரசங்கம், இரவு கூத்து. பகலில் காதால் கேட்டதை இராத்திரி கண்ணால் பார்ப்போம். துகிலுரியும் இரவில் துச்சாதனன் வேஷக்காரர் திரௌபதியின் சேலையைத் தொடுவதற்கு முன் கற்பூரம் ஏற்றிக் கும்பிடுவார். கட்டை கட்டி, முகத்தில் சிவப்பும் கறுப்பும் பூசி, அதுவரை சபையை அதிரவைத்தவர் அங்கே கை நடுங்க நிற்பார். முகவீணை நின்றுவிடும். அம்மா, இது என் தொழில், என்னைப் பொறுத்துக்கொள் என்று அவர் முணுமுணுப்பது முன்வரிசையில் உட்கார்ந்திருந்த எங்களுக்குக் கேட்கும். திரௌபதி வேஷம் கட்டியவர் பக்கத்து ஊர் நெல் வியாபாரி. அது எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் யாரும் சிரித்ததில்லை.

அர்ச்சுனன் தபசன்று உயரமான தபசு மரத்தில் பாட்டுப் பாடிக்கொண்டே அர்ச்சுனன் ஏறுவார். மேலேயிருந்து எலுமிச்சம்பழமும் பூவும் விபூதியும் வீசுவார். பிள்ளை வரம் கேட்கும் பெண்கள் ஈரச் சேலையோடு முந்தானை ஏந்தி நிற்பார்கள். என் அத்தையும் இரண்டு வருஷம் நின்றாள்.

இவற்றையெல்லாம்விட என்னை இன்றும் இழுப்பது படுகளம். கோயில் திடலில் மண்ணைக் குவித்துத் தண்ணீர் விட்டு மிதித்து, துரியோதனனைப் படுத்தவாக்கில் செய்வார்கள். சின்னப் பிள்ளைகள் ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்குத் தாவ முடியாது, அவ்வளவு பெரிய உருவம். முறுக்கு மீசை, உருட்டிய கண், கிரீடம், தொடைக்குள் புதைத்த குங்குமத் தண்ணீர்ப் பானை. காலையில் பீமனும் துரியோதனனும் அந்த உடம்பைச் சுற்றி ஓடிச் சண்டையிடுவார்கள். கடைசியில் தொடையில் கதாயுதம் விழும், சிவப்பு பீறிடும், பாஞ்சாலி கூந்தல் முடிவாள். காந்தாரி துடைப்பத்தோடு வந்து ஒப்பாரி வைப்பாள். அது முடிந்த கணமே ஜனங்கள் மொத்தமாக விழுந்து அந்த மண்ணை அள்ளுவார்கள். அம்மா ஒரு பிடி கொண்டுவந்து குதிரில் போடுவாள். ஒரு பிடி கிணற்றடிக் கழனிக்குப் போகும். விளைச்சல் பெருகும் என்று நம்பினோம். கூத்தில் செத்தவனின் உடம்பு எங்கள் நெல்லுக்குள் இருந்தது.

மழை வராத வருஷமும் உண்டு. விராட பருவம் படித்து முடித்து, பிரசங்கியாருக்கு வேட்டி துண்டு வைத்து அனுப்பிய பிறகும் வானம் வெளுத்தே கிடக்கும். அப்போது கதையை யாரும் பழிக்கவில்லை, பிரசங்கியாரையும் பழிக்கவில்லை. தருமன் ஊரில் இல்லை என்பதே முடிவு. ஏன் இல்லை என்று பேச்சு திரும்பும். வரப்பைத் தள்ளிப் போட்டவன் பேர் அடிபடும். தங்கைக்குப் பங்கு தராதவன் வீட்டுத் திண்ணைக்கு நாலு பேர் போவார்கள். பஞ்சாயத்தில் பொய் சாட்சி சொன்ன ஒருவர் அந்த வாரம் டீக்கடைப் பக்கமே வரவில்லை.

நான் ஏங்குவது அந்தப் பேச்சுக்காகத்தான். இன்று என் கைபேசி எந்த மணிக்கு எந்த வட்டாரத்தில் மழை என்று பெரும்பாலும் சரியாகவே சொல்லிவிடுகிறது. என்னை அது ஒரு கேள்வியும் கேட்பதில்லை. ஏரி வற்றினால் செய்தியில் படம் பார்க்கிறேன், லாரித் தண்ணீருக்குச் சொல்லிவிடுகிறேன். எனக்கும் வானத்துக்கும் ஒரு கணக்கும் இல்லை.

எங்கள் ஊரில் பாரதம் இன்னும் நடக்கிறது, நாள்தான் குறைந்துவிட்டது. நெல் களத்திலிருந்தே வியாபாரியின் லாரிக்கு ஏறிவிடுவதால் குதிர் வைத்திருக்கும் வீடு அருகிவிட்டது. படுகளத்து மண்ணைத் தாளில் மடித்து சாமி படத்துக்குப் பின்னால் செருகி வைக்கிறார்கள். கதையைச் சொன்னால் பலிக்கும் என்பது எங்கள் வட்டாரத்துக்கு மட்டும் உரிய நம்பிக்கையும் இல்லை. மட்டக்களப்பில் வைகாசி மாதம் கண்ணகி கோயில்களில் அவள் கதையான வழக்குரையைப் படித்து, குளிர்த்தி பாடி அம்மனின் கோபத்தை ஆற்றுகிறார்கள். அவள் குளிர்ந்தால் ஊரும் குளிரும் என்பது அங்குள்ள கணக்கு.

திருவண்ணாமலை, செஞ்சி, காஞ்சிபுரம் பக்கம் கோடையில் பஸ்ஸில் போனால் மகாபாரத அக்கினி வசந்த விழா என்ற நோட்டீஸ் சுவரில் ஒட்டியிருக்கும், பாருங்கள். தீமிதிக்கும் கூத்துக்கும் இன்றைக்கும் கூட்டம் சேர்ந்துவிடுகிறது. மத்தியானப் பிரசங்கத்துக்குத்தான் பந்தலில் ஆள் இல்லை. முடிந்தால் அந்த நேரத்துக்குப் போய் உட்காருங்கள்.