சுவருக்கு வண்ணம் வேண்டும்

நாகரிகம் வெள்ளைச் சுவரில் குடியிருப்பதாக இக்காலத்தில் பலர் நம்புகின்றனர். வெள்ளைச் சுவர், சாம்பல் நிறத் திரை, மூலையில் ஒரு பச்சைச் செடி. இவ்வளவே நல்ல சுவை என்பது அவர்கள் கொள்கை. சிவப்பும் மஞ்சளும் நீலமும் ஒருங்கே தோன்றும் வீட்டைக் கண்டால், "திருவிழாக் கடைபோல் இருக்கிறதே!" என்று முகம் சுளிப்பர். அந்தத் திருவிழாக் கடையின் சார்பில் சில சொற்கள் கூறவே இதை எழுதுகிறேன். வேதியியல் மாணவனுக்கு வீட்டு அலங்காரத்தில் என்ன வேலை என்று நண்பர்கள் கேட்கலாம். நிறங்களைப் பெற்று வளர்ப்பதே வேதியியல்தான். ஆகவே பேசும் உரிமை எனக்கு உண்டு.

எனக்கு இரண்டு வயதானபோது எங்கள் குடும்பம் காரைக்குடிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து தில்லிக்கு வந்தது. அப்பாவுக்கு ஓர் அச்சகத்தில் கணக்கு வேலை. 21 ஆண்டுகளில் ஐந்து வாடகை வீடுகள் கண்டோம். வீடுகள் மாறின, விதிகள் மாறவில்லை. ஆணி அடிக்கக் கூடாது. படம் ஒட்டக் கூடாது. வாசலில் காவி பூசக் கூடாது. ஒரு வீட்டில், நாள்காட்டி மாட்ட அடித்த ஒற்றை ஆணிக்காக முன்பணத்தில் பிடித்தம் செய்தனர். அம்மா ஊரிலிருந்து கொண்டுவந்த கண்டாங்கிச் சேலைகளும், வண்ண ஓலைக் கொட்டான்களும், தஞ்சாவூர்த் தலையாட்டிப் பொம்மையும் ஒரு தகரப் பெட்டிக்குள் கிடந்தன. ஆண்டுக்கு ஒரு முறை பொங்கலுக்கு முன் அவற்றை வெயிலில் வைத்து எடுத்து, மறுபடியும் அடுக்கிப் பெட்டியை மூடுவார்.

சென்ற ஆண்டு அப்பா ஓய்வு பெற்றார். வந்த தொகையைக் கொண்டு நகரின் விளிம்பில் இரண்டு அறை வீடு ஒன்று வாங்கினார். சாந்து பூசியிருந்தது, வண்ணம் பூசவில்லை. தம்முடையது என்று சொல்லிக்கொள்ள அம்மாவுக்கு முதன்முதலாக ஒரு சுவர் கிடைத்தது. "கூடம் நீலம், கதவு மஞ்சள், நிலை சிவப்பு" என்றார் ஒரே மூச்சில். அண்ணனோ, "எல்லாம் வெள்ளையாகவே இருக்கட்டும் அம்மா. பின்னால் விற்க நேர்ந்தால் நல்ல விலைக்குப் போகும்" என்றான். குடிபுகுமுன்பே விற்பனையைப் பற்றிய பேச்சு! அம்மா ஒன்றும் சொல்லாமல் அடுக்களைக்குப் போய்விட்டார். அப்பா இருவருக்கும் நல்லவராக இருக்க விரும்பி, "தம்பி வேதியியல் படிக்கிறான், அவன் சொல்லட்டும்" என்று வழக்கை என் தலையில் கட்டினார்.

அந்தச் சமயத்தில்தான் தீபாவளி விடுமுறை வந்தது. என்னுடன் பயிலும் இராசத்தான் நண்பர் ஒருவர் ஜுன்ஜுனு மாவட்டத்திலுள்ள தம் ஊருக்கு என்னை அழைத்துச் சென்றார். அந்த வட்டாரத்துக்கு ஷேகாவாட்டி என்று பெயர். எங்கும் மணல், வெளிறிய வானம், ஆங்காங்கே முள்மரங்கள். இயற்கை அங்கே வண்ணம் கொடுப்பதில் கைச்சுருக்கம் காட்டிவிட்டது. ஆனால் நவல்கர், மண்டாவா, பதேபூர் முதலிய ஊர்களின் தெருக்களில் நடந்தால் கண் கூசுகிறது. ஹவேலி எனப்படும் பெருவீடுகளின் சுவர், வளைவு, மாடத்தின் அடிப்புறம் என்று ஒரு சாண் இடமும் விடாமல் ஓவியம். கண்ணன் ஒரு பக்கம், யானைப்படை ஒரு பக்கம், தொடர்வண்டி ஒரு பக்கம். மண்டாவாவில் ஒரு வீட்டுச் சுவரில் வானூர்தியே பறக்கிறது! நவல்கரில் 1902-இல் கட்டப்பட்ட போதார் ஹவேலி இன்று அருங்காட்சியகமாக விளங்குகிறது. அந்த ஒரு வீட்டில் மட்டும் 700-க்கு மேற்பட்ட ஓவியங்கள் உள்ளன.

இவற்றைக் கட்டியவர் மார்வாரி வணிகர். பாலைவன வழிகளில் ஒட்டகங்களின் மேல் சென்ற வாணிகம் 19-ஆம் நூற்றாண்டில் கல்கத்தா, பம்பாய்த் துறைமுகங்களுக்கு மாறிவிட்டது. வணிகரும் அதன் பின்னே சென்றனர். அங்கே ஈட்டிய பொருளை ஊருக்கு அனுப்பி, ஏறத்தாழ 1830 முதல் 1930 வரை ஒரு நூற்றாண்டுக்காலம் இந்த வீடுகளை எழுப்பினர். குடும்பத் தலைவர் தொலைவில்; பெண்டிரும் முதியோரும் வீட்டில். அச் சுவர்களின் முன் நின்றபோது, ஊரில் இல்லாதவர் ஊருக்கு எழுதிய கடிதங்களாகவே அவை எனக்குத் தோன்றின.

நூறாண்டு வெயிலையும் மணற்காற்றையும் அந்த நிறங்கள் எப்படித் தாங்கின? விடை சுண்ணாம்பில் இருக்கிறது. சேஜாரா எனப்படும் கொத்தரே அங்கே ஓவியருமாவர். சுண்ணாம்புப் பூச்சு ஈரமாக இருக்கும்போதே நீரில் கரைத்த நிறத்தைத் தீட்டிவிடுவர். ஈரச் சுண்ணாம்பு காற்றிலுள்ள கரியமில வாயுவை ஏற்று மெல்லமெல்லக் கல்லாக இறுகும்போது, நிறமும் அந்தக் கல்லுக்குள் சிறைப்படுகிறது. மேலே பூசிய வண்ணம் உரியலாம். சுவரோடு பிறந்த வண்ணம் எளிதில் உரியாது.

நான் வியந்தது வேறொன்று. அத்தனை நிறங்கள் நெருங்கி நின்றும் ஒன்றோடொன்று சண்டையிடவில்லை. இதற்கும் அறிவியல் உண்டு. பாரிசில் கோபெலின் நெசவாலையின் சாயப் பகுதிக்குத் தலைவராயிருந்த செவ்ரூல் என்னும் வேதியியலாரிடம், கறுப்பு நூலில் சாயம் சரியாக ஏறவில்லை என்று முறையிட்டனர். அவர் சாயத்தை ஆராய்ந்தார். அதில் குறையே இல்லை. பக்கத்தில் நின்ற நிறங்களால் கறுப்பு மங்கித் தெரிந்தது! அடுத்தடுத்து நிற்கும் நிறங்கள் ஒன்றன் தோற்றத்தை மற்றொன்று மாற்றும் என்னும் விதியை விளக்கி 1839-இல் அவர் ஒரு பெருநூல் வெளியிட்டார். ஆகவே நிறங்கள் பல கூடுமிடத்தில் எல்லை வேண்டும். ஷேகாவாட்டியில் ஒவ்வோர் ஓவியத்தையும் சுற்றிக் கட்டம் இருக்கிறது. கட்டத்தைச் சுற்றிப் பூங்கொடி ஓடுகிறது.

ஊர் திரும்பி அம்மாவிடம் செவ்ரூலின் விதியை விளக்கினேன். அவர் சிரித்துக்கொண்டே, பெட்டியிலிருந்து ஒரு கண்டாங்கிச் சேலையை எடுத்து விரித்தார். "உடம்பு ஒரு நிறம், கரை ஒரு நிறம். முந்தானையில்தான் எல்லாம் சேரும். இதற்கா புத்தகம்?" என்றார். வீட்டு அலங்காரம் பற்றி இதைவிடச் செறிவான பாடம் நான் கேட்டதில்லை. கூடத்தில் ஒரு நிறம் தலைமை ஏற்க வேண்டும். கதவும் சாளரமும் கரையாக நின்று எல்லை கட்ட வேண்டும். முந்தானைபோல ஒரு சுவரில் எல்லா நிறங்களும் கூடிக் களிக்கலாம்.

இனி அம்மா கேட்ட நீலத்துக்கு வருவோம். ஒரு காலத்தில் ஆழ்ந்த நீலம் வேண்டுமானால் ஆப்கானிஸ்தானத்துப் பதக்சான் மலையில் கிடைக்கும் கல்லை அரைக்க வேண்டும். அது பெருஞ்செல்வர்க்கே கிட்டும். அதே நீலத்தைச் செயற்கையாகச் செய்பவர்க்கு 6,000 பிராங்கு பரிசு என்று 1824-இல் பிரான்சில் ஒரு கழகம் அறிவித்தது. 1828-இல் கிமே என்பவர் அதைப் பெற்றார். வெண்களிமண், சோடா, கந்தகம், கரி ஆகியவற்றைச் சூளையிலிட்டால் அந்த நீலம் பிறக்கிறது. நிறத்தைத் தருவது கந்தகம். அதன் மூன்று அணுக்கள் கூடி நிற்கும் நிலையே நமக்கு நீலமாகத் தெரிகிறது. அமிலம் பட்டால் இந்த நீலம் அழியும். சுண்ணாம்பின் காரத்திலோ நிலைத்து நிற்கும். ஆகவேதான் 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஷேகாவாட்டிச் சுவர்களில் நீலம் பொங்கி வழிந்தது. நம் ஊர்களில் வெள்ளைத் துணிக்குப் போடும் நீலப் பொடியும் இதுவே. என் தாத்தா கொத்தனார். பிறர்க்குப் பெரிய வீடு கட்டிய அவர், தம் சிறு வீட்டுக்குச் சுண்ணாம்பில் இந்தப் பொடியைக் கலந்து அடித்தார். அம்மா பிறந்தது அந்த நீலத்துக்குள்தான்.

செட்டிநாட்டுப் பெருவீடுகளின் கதையும் ஷேகாவாட்டிக் கதைக்கு உடன்பிறப்பே. பர்மா, மலாயா, இலங்கை என்று கடல் கடந்தவர் ஈட்டிய பொருளில் எழுந்தவை அவை. பர்மாத் தேக்கும் இத்தாலியச் சலவைக்கல்லும் அங்கே கூடி வாழ்கின்றன. அவற்றின் தரையில் விரியும் ஆத்தங்குடிக் கல்லோ உள்ளூர்க் கைவேலை. கண்ணாடித் தகட்டின்மேல் அச்சை வைத்து, வண்ணச் சிமெண்டுக் குழம்பைக் கையால் ஊற்றி, மேலே சிமெண்டும் மணலும் நிரப்பி, உலர்த்திப் பிறகு நீரில் ஊறவைக்கின்றனர். சூளை இல்லை, கண்ணாடியைத் தொட்ட முகமே பளபளப்பைப் பெற்றுக்கொள்கிறது. இச் செட்டிநாட்டுச் சிற்றூர்த் தொகுதிகள் 2014-இல் யுனெஸ்கோவின் உலக மரபிடத் தற்காலிகப் பட்டியலில் இடம் பெற்றன. தொலைவில் வாழ்ந்த இரு வேறு வணிகக் குலங்கள், இந்தியாவின் இரு மூலைகளில், வீட்டை நிறத்தால் நிறைத்திருக்கின்றன. பிரிந்து வாழ்பவர்க்கே வீட்டின் அருமை மிகுதியாகத் தெரியும் போலும்!

ஒரு வருத்தத்தையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். ஷேகாவாட்டியிலும் செட்டிநாட்டிலும் இன்று பல வீடுகள் பூட்டிக் கிடக்கின்றன. காவலர் ஒருவர் சாவிக் கொத்துடன் வருகிறார், திறந்து காட்டுகிறார், பூட்டுகிறார். வானூர்தி வரைந்த சுவரின் அருகே குழந்தையின் அழுகுரல் இல்லை. பார்க்க ஆள் இல்லாத வண்ணமும், பெட்டிக்குள் கிடந்த அம்மாவின் சேலையும் ஒன்றுதானே? வெள்ளையின் பக்கமும் நியாயம் இல்லாமலில்லை. வெயிலைத் திருப்பி அனுப்புவதில் அதற்கு நிகரில்லை. தில்லியின் கோடையில் மொட்டை மாடிக்கு வெள்ளையே அடிக்க வேண்டும். ஆனால் கூடத்துச் சுவர் கதிரவனுக்காக இருப்பதன்று. உள்ளே இருப்பவர்க்காக இருப்பது.

ஆகவே என் தீர்ப்பு இது: அண்ணனின் அறை வெள்ளை, கூடம் அம்மாவினுடையது. நானும் அப்பாவும் சுண்ணாம்பு நீற்றி, நீலப் பொடி கலந்து அடித்தோம். ஈரத்தில் அது கருநீலமாகத் தெரியவே அப்பா அஞ்சிவிட்டார். சுண்ணாம்பு காயக்காய வெளுக்கும் என்று அவரைத் தேற்றினேன். மறுநாள் காலை அது வானத்தின் நிறத்துக்கு வந்து நின்றது. கதவு மஞ்சள், நிலை சிவப்பு, நீலமும் மஞ்சளும் சந்திக்குமிடத்தில் செவ்ரூலுக்காக ஒரு வெள்ளைக் கோடு. எதிர்ச் சுவரில் கொட்டான்களை மாட்ட அம்மா தம் கையாலேயே ஆணி அடித்தார். அன்று அடித்தவை பதினொன்று, நான் எண்ணினேன். அண்ணன் தன் வெள்ளை அறையில் உறங்குகிறான். மாலைத் தேநீரை மட்டும் கூடத்திலேயே குடிக்கிறான்.

நண்பர்களே, நம்மில் பலர் விடுதிகளில் வாழ்கிறோம். அச் சுவர்கள் நம்முடையவை அல்ல. ஆணி அடிக்க இடமில்லை. ஆயினும் திரைக்கம்பியில் ஒரு சுங்குடியைக் கட்டித் தொங்கவிட யாருடைய அனுமதியும் வேண்டா. மேசைமேல் ஒரு கொட்டானை வையுங்கள். ஊரிலிருந்து கொண்டுவந்தவற்றைப் பெட்டியைவிட்டு வெளியே எடுங்கள். சொந்த வீடு வரட்டும் என்று வண்ணத்தை ஒத்திப்போட்டால், என் அம்மாவைப் போல 21 ஆண்டுகள் காத்திருக்க நேரும்.