எழுபது வளைவு ஏறி வந்த கேம்கள்

மே 10, 2025. வாசலூர்பட்டி, கொல்லிமலை

அண்ணன் ஒருவழியாகக் கம்ப்யூட்டர் வாங்கிவிட்டார். நாமக்கல்லில் ஓர் ஆபீசில் கழித்துவிட்ட டெஸ்க்டாப். 8 ஜிபி ராம், 256 ஜிபி எஸ்எஸ்டி, விண்டோஸ் 10. தனியாக கிராபிக்ஸ் கார்டு கிடையாது. பலாப்பழம் இறக்கிவிட்டுத் திரும்பிய வண்டியில், சாக்குச் சுற்றி, காரவள்ளியிலிருந்து எழுபது கொண்டை ஊசி வளைவும் மடியில் வைத்துப் பிடித்துக்கொண்டே வந்தாராம். நாமக்கல்லில் சர்வீஸ் கடையில் வேலை பார்ப்பவள் என்பதால் ஒயர் மாட்டும் பொறுப்பு எனக்கு வந்தது. விளக்கு எரிந்ததும் அண்ணன் மகன் கேட்டான்: “அத்தை, ஜிடிஏ ஃபைவ் ஏத்தித் தருவீங்களா?”

பிளஸ் ஒன் போகப்போகிறவன். முடியாது என்று சொல்லிவிடாமல், நோட்டை எடுத்து அவனையே கணக்குப் போடச் சொன்னேன். வீட்டில் லைன் என்று இருப்பது ஜன்னல் மாடத்தில் வைத்த போன்தான். சாயங்காலம் சோதித்தபோது நொடிக்கு 2 மெகாபிட் வந்தது. இதை மெகாபைட் என்று நினைத்துக்கொண்டுதான் பிள்ளைகள் ஏமாறுகிறார்கள். எட்டு மெகாபிட் சேர்ந்தால்தான் ஒரு மெகாபைட். ஆக 1 ஜிபி இறங்க ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். ஜிடிஏ ஃபைவ் கேம் 2015 ஏப்ரலில் பிசிக்கு வந்தபோதே 65 ஜிபி இடம் கேட்டது. பெட்டியாக வாங்கினவர்களுக்கு 7 டிவிடி. எங்கள் லைனில் ராப்பகலாக இறங்கினால் மூன்று நாள். ஆனால் போன் பிளான் தருவதோ நாளைக்கு 2 ஜிபி. வேறெதற்கும் தொடாமல் அப்படியே விட்டாலும் ஒரு மாதத்துக்கு மேல் ஆகும். 2019இல் வந்த கால் ஆஃப் டியூட்டி கேமோ 175 ஜிபி இடம் கேட்டது.

வகுத்து முடித்துப் பென்சிலைக் கீழே வைத்தான். “அப்ப மலையில இருக்கறவங்க வெளையாடவே கூடாதா அத்தை?”

இந்தக் கேள்வி என்னை விடவில்லை. விளக்கை அணைத்தபிறகும் இதையே நினைத்துக்கொண்டு படுத்திருந்தேன். எழுந்து இதை எழுதுகிறேன்.

மே 11

பரணில் என் பழைய மடிக்கணினி கிடைத்தது. 2011 செப்டம்பர் 15இல் அரசு இலவச மடிக்கணினித் திட்டத்தைத் தொடங்கியபோது நான் பிளஸ் டூ. எனக்கு வந்ததில் விண்டோஸ் 7 ஸ்டார்ட்டர் இருந்தது; கூடவே சி-டாக் உருவாக்கிய பாஸ் லினக்ஸும். ஸ்டார்ட்டரில் பின்னணிப் படத்தைக்கூட மாற்ற முடியாது. 2 ஜிபிக்கு மேல் ராம் போட்டாலும் அது எடுத்துக்கொள்ளாது. இருந்தாலும் அந்த வருஷம் எங்கள் விடுதியில் ஒவ்வொரு மெஷினிலும் வைஸ் சிட்டி ஓடியது. 2003இல் பிசிக்கு வந்த அந்த கேமுக்கு 1 ஜிபி இடம்கூடத் தேவைப்படவில்லை. யாரோ ஒருத்தியின் அண்ணன் சேலத்திலிருந்து பென் டிரைவில் கொண்டுவந்தார். ஃபோல்டரை அப்படியே காப்பி செய்து, உள்ளே இருக்கும் ஐகானை இரண்டு தடவை தட்டினால் போதும். நெட் கேட்காது, பாஸ்வேர்டு கேட்காது, அப்டேட் கேட்காது.

விலை கொடுத்து வாங்கிய கேம் அல்ல அது. மலையில் கேம் விற்கிற கடையே இருந்ததில்லை. கிராக் செய்த காப்பிகளால் என்னென்ன நடக்கும் என்பதைக் கடைக்கு வரும் மெஷின்களில் பார்க்கிறேன். கேம் ஓடவேண்டும் என்று ஆன்ட்டி வைரஸை நிறுத்திவைப்பார்கள். அதே மெஷினில் அப்பாவின் ஆதார் ஸ்கேனும் பாங்க் பாஸ்புக்கும் இருக்கும். உள்ளே நுழைந்தது என்ன எடுத்துக்கொண்டு போனது என்று அந்தக் குடும்பத்துக்குத் தெரிவதேயில்லை. ஆகவே அந்த வழி வேண்டாம் என்பதில் எனக்குச் சந்தேகம் கிடையாது. ஆனால் அந்த ஃபோல்டரில் ஒரு குணம் இருந்தது. அது முழுசாக வந்தது, வந்த இடத்திலேயே நின்றது. காசு கொடுத்து வாங்கும் கேமுக்கும் அந்தக் குணம் வேண்டும். நான் தேடுவது அதைத்தான்.

மே 14. நாமக்கல்

கேமும் நெட்டும் எப்போது இப்படிப் பின்னிக்கொண்டன என்று பார்த்தால், 2004 நவம்பரில் வந்த ஹாஃப் லைஃப் 2 கண்ணில் படுகிறது. டிஸ்க் வாங்கிப் போட்டவர்களும் ஸ்டீம் என்ற நெட் கடையில் கணக்குத் தொடங்கிப் பதிவு செய்தபிறகே விளையாட முடிந்தது. அதற்குப் பதினோரு ஆண்டு முன்னால், 1993 டிசம்பரில் வந்த டூம் கேமின் முதல் பகுதியை இரண்டு பிளாப்பியில் அடக்கி, விருப்பப்பட்டவர்களுக்கெல்லாம் காப்பி செய்து கொடுங்கள் என்றே விட்டார்கள். இன்று பெரிய கேம்களில் டிஸ்க் இருந்தாலும் அதில் கேம் முழுசாக இருக்கும் என்று நம்ப முடியாது. அப்டேட் என்ற பேரில் மீதி நெட்டில் வரும்.

பழைய மடிக்கணினிக்கு ஸ்டீம் கதவும் சாத்தியாயிற்று. 2024 ஜனவரி 1 முதல் விண்டோஸ் 7க்கு ஸ்டீம் ஆதரவு இல்லை. விண்டோஸ் 10க்கும் மைக்ரோசாஃப்ட் இந்த அக்டோபர் 14ஐத்தான் கடைசி நாளாகச் சொல்லியிருக்கிறது. அண்ணன் இப்போதுதான் வாங்கிய மெஷினுக்கும் கெடு வந்துவிட்டது.

கடை மூடியபிறகு உட்கார்ந்து இரண்டு கேம் இறக்கினேன். ஒன்று ஓபன்டிடிடி. 1990களில் வந்த டிரான்ஸ்போர்ட் டைக்கூனை ஒட்டி 2004இலிருந்து ஆர்வலர்கள் எழுதிவரும் இலவச கேம். சாலை போடலாம், பஸ் விடலாம், ரயில் விடலாம். இன்ஸ்டாலர் மிகச் சிறியது, ஆனால் அதில் ஒரு கண்ணி இருக்கிறது. முதல் தடவை திறக்கும்போது படங்களின் தொகுப்பு இல்லையென்றால் நெட்டிலிருந்து இறக்கட்டுமா என்று கேட்கும். மலையில் அந்த இடத்தில் நின்றுபோகும். ஓபன்ஜிஎஃப்எக்ஸ் என்ற அந்தத் தொகுப்பையும் சத்தங்களுக்கான தொகுப்பையும் தனியாக எடுத்துக்கொண்டேன்.

இன்னொன்று வெண்பா. டொரன்டோவில் இருக்கும் விசை கேம்ஸ் 2023 ஜூலை 31இல் வெளியிட்டது. 1980களில் கனடாவுக்குப் போன தமிழ்க் குடும்பத்தின் கதை. அம்மா வெண்பா, அப்பா பாவலன், மகன் கவின். ஊரிலிருந்து கொண்டுபோன சமையல் குறிப்பு நோட்டில் எழுத்துக் கலைந்த இடங்களை நாமே யோசித்து நிரப்பிச் சமைக்க வேண்டும். 2024இல் சிறந்த அறிமுக கேமுக்கான பாஃப்டா விருது அதற்குத்தான் கிடைத்தது. நெட்டில்லாமல் ஒருவரே ஆடலாம், அடுத்த அப்டேட்டுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை. அண்ணன் மகன் பெயரில் கணக்குத் தொடங்கி, காசு கொடுத்து வாங்கினேன்.

ஸ்டீமில் வாங்கிய கேமையும் கையில் எடுத்துப்போக வழி இருக்கிறது. ஸ்டீமாப்ஸ் ஃபோல்டருக்குள் காமன் என்றொரு ஃபோல்டர்; கேம் முழுதும் அங்கே இருக்கும். அதைக் காப்பி செய்து மற்ற மெஷினில் அதே இடத்தில் வைத்துவிட்டு இன்ஸ்டால் பட்டனைத் தட்டினால், இருக்கிற ஃபைல்களை அதுவே கண்டுபிடித்துச் சரிபார்க்கும், திரும்ப இறக்காது. ஜிஓஜி என்ற கடை இதைவிட நேர்மையானது. போலந்து நாட்டுக்காரர்கள் 2008இல் தொடங்கினார்கள். வாங்கிய கேமின் இன்ஸ்டாலரையே ஃபைலாகத் தந்துவிடுகிறார்கள். எங்கே வேண்டுமானாலும் எடுத்துப்போய் ஏற்றலாம். எல்லாக் கடையும் இப்படித் தரவேண்டும் என்பது என் பிடிவாதம்.

பென் டிரைவை எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மேட் செய்தேன். பழைய ஃபேட்32 முறையில் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றை ஃபைல் ஏறாது. இடம் இருக்கிறதே, ஏன் ஏறவில்லை என்று கடையில் கேட்காத பிள்ளை கிடையாது. கூடவே 2010 ஜூன் டைரக்ட்எக்ஸ் தொகுப்பு, விஷுவல் சி பிளஸ் பிளஸ் தொகுப்பு, இன்டெல் கிராபிக்ஸ் டிரைவர். டிஎல்எல் இல்லை என்று கேம் நின்றுபோனால் அந்த ஒற்றை ஃபைலைத் தேடிக் கண்ட தளத்திலும் இறக்குகிறார்கள். திருட்டு நிரல்கள் இந்த வழியிலும் உள்ளே வருகின்றன. மூலத் தொகுப்பு கையில் இருந்தால் தேடவே வேண்டியதில்லை.

மே 17. வாசலூர்பட்டி

சேந்தமங்கலம் தாண்டும்போதே மழை. சோளக்காட்டில் இறங்குவதற்குள் மலை முழுக்க மேகம். வீட்டில் கரண்ட் இல்லை. சாயங்காலம் வந்தது, போனது, மறுபடி வந்தது. யுபிஎஸ் இல்லாமல் ஏற்றக் கூடாது என்று காத்திருந்தோம். ஃபைல் பாதியில் நின்றால் எது கெட்டது என்று தேடுவது பெரும்பாடு. பக்கத்து வீட்டுக்காரர் படகு இல்லம் பக்கம் கடை வைத்திருக்கிறார். அவருடைய யுபிஎஸ்ஸைக் கடன் வாங்கி வந்தான் பிள்ளை.

ஓபன்டிடிடி முதலில். தொகுப்புகளை அதனதன் ஃபோல்டரில் வைத்துத் திறந்ததும் எதுவும் கேட்காமல் நேராக வரைபடம் வந்தது. மொழிப் பட்டியலில் தமிழ் இருப்பதை அவனே கண்டுபிடித்தான். வெண்பாவுக்குக் கொஞ்சம் மெனக்கெட வேண்டியிருந்தது. ஸ்டீமில் நுழைய ஒரு முறையாவது நெட் வேண்டும். போனை ஹாட்ஸ்பாட் ஆக்கி, அவன் தங்கச்சி அதை ஜன்னலுக்கு வெளியே நீட்டிப் பிடித்துக்கொண்டு நிற்க, குறியீடு வந்தது, நுழைந்தோம். ஃபோல்டரை வைத்து இன்ஸ்டால் தட்டினோம். சரிபார்த்தது. ஒரு முறை கேமைத் திறந்து மூடி, பிறகு ஸ்டீமை ஆஃப்லைனுக்கு மாற்றினோம். போனை அணைத்துவிட்டு மறுபடி திறந்தோம். ஓடியது.

அவனை எழுதிவைக்கச் சொன்னேன்: நெட் இருக்கும்போது நுழை, ஒரு தடவை திற, அப்புறம் ஆஃப்லைன். இந்த வரிசை தவறினால் எழுபது வளைவு இறங்கிப் போகவேண்டியிருக்கும்.

மே 18

காலையில் அம்மா சாமையைப் புடைத்துக்கொண்டிருந்தார்கள். திரையில் இட்லிப் பானையைப் பார்த்ததும் முறத்தை வைத்துவிட்டு எழுந்து வந்தார்கள். கேமில் முதல் சமையலே இட்லி. தட்டை எப்படி அடுக்குவது என்பதுதான் புதிர்; நோட்டில் அந்த இடம் கலைந்திருக்கிறது. பிள்ளை இரண்டு விதமாக அடுக்கிப் பார்த்தும் வேகவில்லை.

“தட்டைத் திருப்பி வைடா. இப்படி வச்சா ஆவி எப்படி ஏறும்?”

திருப்பி அடுக்கினான். வெந்தது. அம்மா நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டார்கள். மதியம்வரை எழுந்திருக்கவில்லை. நான் வாசித்துச் சொல்லச் சொல்ல, வெண்பாவுக்கு வேலை கிடைக்காததற்கும், கவின் அம்மாவிடம் தமிழில் பேசக் கூச்சப்படுவதற்கும் அம்மா பதில் சொல்லிக்கொண்டே இருந்தார்கள். “எங்க காலத்துல இட்லி நோம்பி நொடிக்குத்தான். தெனமும் சாமைச் சோறும் ராகிக் களியும். இந்தப் பொண்ணு அத்தனை தூரத்துல ஊத்தறாளே.” புட்டுக் குழாயில் மாவும் தேங்காயும் எந்த வரிசை என்று பேத்தி கேட்டுக் கேட்டு அடைத்தாள்.

கம்ப்யூட்டர் கேம் ஒன்றின் முன்னால் என் அம்மா உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. ஆயாவுக்குத் தெரிந்த ஒன்று இல்லாமல் பேரனால் நகர முடியாத கேம் இது. மலைக்கு ஏற்ற இதைத் தேர்ந்தெடுத்ததில் எனக்கு அவ்வளவு மகிழ்ச்சி. ஜிடிஏ ஃபைவின் 65 ஜிபியில் இருக்கும் நகரம் அற்புதமானதுதான், அதைச் செய்தவர்களின் உழைப்பை நான் குறைத்துச் சொல்லமாட்டேன். ஆனால் சிறிய கேம் என்பதால் பிள்ளைகளுக்கு எதுவும் குறைந்துவிடவில்லை.

மே 25

தெருப் பிள்ளைகள் பழைய இலவச மடிக்கணினிகளைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார்கள். என்னுடையதில் போன வாரம் டெபியன் 12 என்ற லினக்ஸை ஏற்றி வைத்திருந்தேன். 32 பிட் மெஷினுக்கும் இன்ஸ்டாலர் தருகிறார்கள், ஓபன்டிடிடியும் படத்தொகுப்பும் அதன் களஞ்சியத்திலேயே இருக்கின்றன. எல்லாவற்றையும் ஒரே பென் டிரைவில் கீழேயே சேர்த்துக் கொண்டுவந்தேன். அண்ணன் மகன் மற்றவர்களுக்கு ஏற்றிக் கொடுத்துக்கொண்டிருக்கிறான். என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. டைரக்ட்எக்ஸ் எதற்கு, லினக்ஸில் அது ஏன் வேண்டாம் என்று அவனே விளக்குகிறான். அவனுடைய வரைபடத்தில் ஒரு மலை. அதன்மேல் பஸ் சாலையை வளைத்து வளைத்து ஏற்றியிருக்கிறான். நேராகப் போட்டால் பஸ் திணறுகிறதாம்.

இந்த மார்ச் பட்ஜெட்டில் கல்லூரி மாணவர்கள் 20 லட்சம் பேருக்கு இரண்டு ஆண்டுகளில் மடிக்கணினியோ டேப்லெட்டோ தரப்போவதாக அறிவித்திருக்கிறார்கள். அதில் கொல்லிமலைப் பிள்ளைகளும் இருப்பார்கள். மெஷின் வந்துவிடும்; அதில் ஏற்றவேண்டியதற்கு லைன் வராது. நாளை திங்கட்கிழமை, நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர் நாள். கொடுக்கவேண்டிய மனுவை எழுதி முடித்துவிட்டேன். கேட்டிருப்பது இரண்டு. தரும் ஒவ்வொரு மெஷினிலும் தமிழ்த் தட்டச்சு, ஆபீஸ் தொகுப்பு, பாட மென்பொருள், இலவச கேம்கள் எல்லாவற்றின் இன்ஸ்டாலரையும் நெட்டில்லாமல் ஏறும்படி ஒரு ஃபோல்டரில் போட்டுத் தரவேண்டும். செம்மேட்டில் உள்ள நூலகத்தில் அதே ஃபோல்டரை ஒரு ஹார்ட் டிஸ்கில் வைத்து, பென் டிரைவோடு வருகிறவர்களுக்குக் காப்பி செய்து கொடுக்கவேண்டும். கேம்கள் என்ற சொல்லை எடுத்துவிட்டால் மனு எடுபடும் என்றார் அண்ணன். எடுக்கவில்லை. கீழே கையெழுத்துப் போட்டவர்களில் அம்மாவும் உண்டு.