காலில் ஒரு மா போனால்...

கொஞ்சம் நீளமான பதிவு. பொறுமையாகப் படியுங்கள்.

நேற்று மாலை மாடம்பாக்கம் ஏரிப் பக்கம் நடந்துவிட்டு வீடு திரும்பினேன். ஆறாம் வகுப்புப் படிக்கும் பேத்தி நோட்டை நீட்டினாள். "தாத்தா, முக்கால்ல அரையைக் கழிச்சா ஒண்ணு வருது. சரியா பாருங்க."

மேலே 3-ல் 1 போக 2. கீழே 4-ல் 2 போக 2. ஆக 2/2, அதாவது ஒன்று! என் சர்வீஸ் முழுக்க நான் சிவப்பு மையில் சுழித்த அதே தப்பு.

"முக்கால் தோசையில அரை தோசையைச் சாப்பிட்டா முழு தோசை மிஞ்சுமாம்மா?" என்றேன். சிரித்துவிட்டாள்.

பிறகு அணாக் கணக்கில் சொன்னேன். 1957 ஏப்ரலில் நயா பைசா வரும்வரை ரூபாய்க்கு 16 அணா. முக்கால் ரூபாய் 12 அணா, அரை ரூபாய் 8 அணா. கழித்தால் 4 அணா, கால் ரூபாய். பகுதி என்பது துண்டின் அளவு; தொகுதி என்பது எத்தனை துண்டு என்ற எண்ணிக்கை. துண்டுகள் ஒரே அளவாக இருந்தால்தான் எண்ணிக் கழிக்க முடியும். வேற்றினப் பின்னங்களை ஓரினமாக்குவது என்று வகுப்பில் செய்தோமே, அது இவ்வளவுதான்.

இதைச் சொல்லும்போது ஒரு பையன் ஞாபகத்துக்கு வந்தான். அவனுக்காகத்தான் இந்தப் பதிவு.

தொண்ணூறுகளின் தொடக்கம். கரும்பலகையில் 1/4 − 1/20 என்று எழுதினேன். நான் திரும்புவதற்குள் "அஞ்சுல ஒண்ணு சார்" என்றான். எப்படி என்று கேட்டேன். "கால்ல ஒரு மா போனா நாலு மா சார். எங்க தாத்தா சொல்வாரு."

வகுப்பே சிரித்தது. "கணக்கு வகுப்புல மாங்கா விக்கிறியா?" என்று நானும் சேர்ந்துகொண்டேன். வழிமுறை எழுதவில்லை என்று பெஞ்சு மேல் நிற்க வைத்தேன். அதன்பின் அந்த வருஷம் முழுக்க என் வகுப்பில் அவன் கை தூக்கவில்லை.

ஓய்வு பெற்ற பிறகுதான் எண்சுவடியைப் பற்றிப் படித்தேன். திண்ணைப் பள்ளிகளில் பிள்ளைகள் மனப்பாடம் செய்த வாய்பாடு அது. வீசம் 1/16, மா 1/20, காணி 1/80, முந்திரி 1/320. அந்த 320-ஐப் பாருங்கள். கால் என்றால் 80 முந்திரி. வீசம் 20, மா 16, காணி 4. எல்லாமே முழு எண்! நாம் ஒவ்வொரு கணக்குக்கும் மீச்சிறு பொது மடங்கு தேடுகிறோம். அவர்கள் ஒன்றைக் கையிலேயே வைத்திருந்தார்கள். 80-ல் 16 போனால் 64 முந்திரி, அது நாலு மா, அதாவது 1/5. மூன்றில் ஒன்று இதில் அடங்காது. அதற்கு நம் வகுப்பறை வழிதான் வேண்டும். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் முந்திரிக்கும் கீழான பின்னங்கள் வரை நிலத்தை அளந்து வெட்டியிருக்கிறார்கள்.

டெல்டாப் பக்கம் 20 மா ஒரு வேலி. கால் வேலி என்றால் 5 மா. ஒரு மா கைவிட்டுப் போனால் மிச்சம் நாலு. அவன் குடும்பம் தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து பிழைப்புக்காகத் தாம்பரம் வந்தது. அவன் சொன்னது வெறும் வாய்பாடா, அவர்கள் வீட்டு நிலத்தின் கதையா? நான் கேட்கவே இல்லை.

தம்பி, உனக்கு இப்போது நாற்பது தாண்டியிருக்கும். உன் விடை சரி. வழியும் சரி. வாத்தியாருக்குத்தான் தெரியவில்லை. என்னை மன்னித்துவிடு.

அவனோடு படித்தவர்கள் யாராவது தொடர்பில் இருந்தால், இங்கே பெயர் போடாமல், இதை அவனுக்கு அனுப்புங்கள். தேனுபுரீஸ்வரர் கோயிலுக்கு வரும்போது வீட்டுக்கும் வரச் சொல்லுங்கள். பேத்திக்கு அந்த மாக் கணக்கை அவனே சொல்லித் தரட்டும். நானும் பக்கத்தில் உட்கார்ந்து கேட்கிறேன்.

அன்புடன்,
உங்கள் கணக்கு வாத்தியார்