கோடீசுவரர் வீட்டுக் கூரை

வெள்ளவத்தைச் சந்தையருகே லொத்தர் விற்பவரின் ஒலிபெருக்கி, "நாளைய கோடீசுவரர் நீங்களே!" என்று காலையிலேயே ஆசி கூறிக்கொண்டிருந்தது. 1963 ஆம் ஆண்டுச் சட்டத்தால் தேசிய லொத்தர் சபை தோன்றியதிலிருந்து எத்தனையோ பேர் இந்த ஆசியை விலைகொடுத்து வாங்கியிருக்கின்றனர்.

சீட்டே வாங்காமல் கோடீசுவரரான நண்பர் ஒருவர் என்னுடன் நின்றார். ஓய்வுபெற்ற எழுதுவினைஞர். கடற்கரைப் பக்க ஒழுங்கையில் அவர் தந்தையார் வாங்கிய சிறு வீட்டைச் சுற்றி மாடிக் குடியிருப்புகள் எழுந்தன. காணியின் விலையும் கூடவே எழுந்தது. காலையில் தரகர் வருவர். மாலையில் மறந்துபோன உறவினர் வருவர்.

"கணக்கிலே நான் கோடீசுவரன், மாஸ்டர், மரக்கறிக்குத்தான் காசு போதவில்லை" என்றார்.

"கூரை ஒழுகுகிறதே, அண்ணர்?"

"இடிக்கப்போகும் வீட்டுக்கு எதற்கு ஓடு?"

பன்னிரண்டு ஆண்டுகளாக இதே விடை. வீட்டை விற்கவும் மனமில்லை. ஓட்டை மாற்றவும் மனமில்லை. மழைக்காலத்தில் கோடீசுவரர் வாளியும் கையுமாய்த் திரிவார்.

கொட்டாஞ்சேனைக்குச் செல்லப் பஸ் ஏறினோம். புறக்கோட்டையில் இறங்கிச் செட்டியார் தெரு நகைக்கடைகளைக் கடக்கையில், அவர் பழங்கதையொன்று சொன்னார்.

1970 ஒக்டோபரில் நிதியமைச்சர் என். எம். பெரேரா, 50 ரூபா, 100 ரூபாத் தாள்கள் செல்லாவென அறிவித்தார். பதுங்கிய பணத்தை வெளிக்கொணர்வதே நோக்கம். வங்கியில் ஒப்படைக்காத தாள் வெறுந்தாள். நண்பரின் தந்தையார், கூரை மாற்றவென்று மனைவிக்குத் தெரியாமல் சேர்த்த தாள்களை, அவர் எதிரிலேயே டிரங்குப் பெட்டியிலிருந்து எடுத்து எண்ண நேர்ந்தது. ஒரே இரவில் வீடு செல்வ வீடாயிற்று. அம்மையாருக்குக் காப்பு, தங்கைக்குச் சங்கிலி, தமையனுக்குச் சைக்கிள் என்று ஆளுக்கொரு பங்கு கேட்டனர். கூரைக்கு மட்டும் மிஞ்சவில்லை.

கொச்சிக்கடைப் பொன்னம்பலவாணேசர் ஆலயத்தை அடைந்தோம். 1857 இல் பொன்னம்பல முதலியார் அமைத்தது. அவர் மகன் சேர் பொன்னம்பலம் இராமநாதன், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கருங்கல்லால் புதுப்பித்தார். வெளியே வெயில் கொதித்தது. உள்ளே கல் குளிர்ந்திருந்தது. நண்பர் தூணைத் தடவியபடி நெடுநேரம் அண்ணாந்து பார்த்தார்.

"இதற்கு விலை கேட்டு எந்தத் தரகனும் வரமாட்டான், மாஸ்டர். ஒழுகவும் மாட்டாது."

அடுத்த ஞாயிறன்று அவ்வொழுங்கை வழியே சென்றேன். கோடீசுவரர் வீட்டுச் சுவரில் ஏணி சார்த்தியிருந்தது. முற்றத்தில் புது ஓடுகள் அடுக்கியிருந்தன. வாயிலில் நின்ற தரகர் முகத்தில் மட்டுமே கவலை தெரிந்தது.