ஆகாயத்தில் வாழும் கிழங்கு

இல்லாத பொருளுக்கு உதாரணம் சொல்ல வேண்டுமானால், முயற்கொம்பு, மலடி மகன், ஆகாயத் தாமரை என்று அடுக்குவது நமது தர்க்க சாஸ்திரிகளின் வழக்கம். முயலுக்குக் கொம்பு முளைத்ததில்லை. மலடிக்கு மகன் பிறந்ததில்லை. அவ்வாறே மண்ணும் நீருமின்றி அந்தரத்தில் தாமரை பூத்ததும் இல்லை. ஜனங்களோ சாஸ்திரிகளைக் காட்டிலும் தாராள மனம் படைத்தவர்கள். குளத்து நீரில் வேர் தொங்க மிதக்கும் ஒரு சிறு செடிக்கு ஆகாயத் தாமரை என்று பெயர் சூட்டி, இல்லாததை உள்ளதாக்கிவிட்டார்கள். ஆயினும் நீரில் மிதப்பது வேறு. காற்றில் வாழ்வது வேறு. காற்றையே உண்டு வாழ்வதாகப் பெயர் வாங்கிய செடியைக் காண விரும்புவோர், தண்ணீருக்குத் தவம் கிடக்கும் சீமைக்கே போக வேண்டும். அருப்புக்கோட்டை, திருச்சுழிப் பக்கம் அதற்கு ஏற்ற இடம்.

மதுரைக்குத் தெற்கே சுமார் 50 கிலோ மீட்டர் போனால் அருப்புக்கோட்டை வந்துவிடும். எங்கு நோக்கினும் கரிசல் பூமி. கோடையில் அது வாய் பிளந்து கிடக்கும்; ஐப்பசி, கார்த்திகையில் நாலு மழை பெய்துவிட்டால் காலை விடாமல் பற்றிக்கொள்ளும். பருத்தியும் கம்பும் சோளமும் மல்லியும் இம்மண்ணின் செல்வங்கள். ஊருக்குள் தறியோசை கேட்கும். அங்கிருந்து கிழக்கே சிறிது தூரத்தில் குண்டாற்றங்கரையில் இருக்கிறது திருச்சுழி. சுந்தரமூர்த்தி நாயனார் பாடிய தலம் அது. திருமேனிநாதர் கோயில் கொண்டிருக்கும் அவ்வூரில்தான் 1879-ஆம் ஆண்டு டிசம்பர் 30-ஆம் தேதி வேங்கடராமன் என்ற குழந்தை பிறந்தது; பின்னாளில் உலகம் அக்குழந்தையை ரமண மகரிஷி என்று வணங்கிற்று. ஒரு கௌபீனத்தோடு வாழ்ந்து காட்டிய மகான் பிறப்பதற்கு, குறைந்த நீரைக் கொண்டு நிறைந்து வாழும் இந்தச் சீமையைவிடப் பொருத்தமான இடம் எது?

குறைந்ததைக் கொண்டு வாழும் வித்தையில் இவ்வூர்ச் செடிகளும் மனிதருக்கு இளைத்தவை அல்ல. அவற்றுள் ஒன்றுதான் ஆகாச கருடன் கிழங்கு. கொல்லன் கோவை என்றும் இதற்குப் பெயர் உண்டு. வறண்ட முட்புதர்களில் படரும், கோவைக் குடும்பத்தைச் சேர்ந்த கொடி இது. கனி பழுத்தால் நடுப்பாகம் பவளம் போலச் சிவந்திருக்கும். அடியும் நுனி மூக்கும் பச்சையாகவே நிற்கும். கொடி காய்ந்து மறைந்த பிறகும் கிழங்கு மண்ணுக்குள் உயிரோடு காத்திருக்கும். தமிழ் அகராதி தொகுத்த ராட்லர் பாதிரியார் 1803-ஆம் ஆண்டிலேயே தாவர சாஸ்திர முறைப்படி இதற்குப் பெயரிட்டு எழுதியிருக்கிறார்.

இக்கிழங்கை மஞ்சள் குங்குமம் இட்டுக் கறுப்புக் கயிற்றில் கட்டி வாசல் நிலையில் தொங்கவிடுவது நம்மவர் வழக்கம். மண் இல்லை, தண்ணீர் ஊற்றுவார் இல்லை. இருந்தும் சில நாட்களில் பச்சைத் தளிர் எட்டிப் பார்க்கிறது. பிறகு கொடியாக நீளுகிறது. "காற்றைக் குடித்தே வளர்கிறது, பாருங்கள்!" என்று வீட்டார் பெருமையோடு காட்டுவார்கள். தளிர் விட்ட கிழங்கு சிறகு விரித்த கருடனைப் போலிருப்பதால் பாம்பு வாசற்படி ஏறாது என்பது நம்பிக்கை.

உண்மையில் நடப்பது என்ன? மழைக்காலத்தில் சேர்த்து வைத்த மாவும் நீருமே கிழங்கின் மூலதனம். அந்தரத்தில் தொங்கும்போது அது தன் முதலை எடுத்துத்தான் செலவு செய்கிறது. தொங்கவிடும் நாளிலும் மூன்று மாதம் கழித்தும் நிறுத்துப் பார்த்தால் தராசே கதையைச் சொல்லிவிடும். வரவில்லாமல் செலவு செய்பவன் எத்தனை நாள் வாழ்வான்?

இருந்தாலும் "காற்றைக் குடிக்கிறது" என்ற பேச்சு முழுப் பொய்யும் அல்ல. வான் ஹெல்மான்ட் என்ற ஐரோப்பியப் பண்டிதர், 200 பவுண்டு மண் நிரம்பிய தொட்டியில் ஒரு செடியை நட்டு ஐந்து வருஷம் மழைநீர் மட்டும் ஊற்றி வளர்த்தார். மரம் 164 பவுண்டு ஏறிற்று. மண்ணில் குறைந்ததோ ஏறக்குறைய இரண்டே அவுன்ஸ். எல்லாம் நீரால் வந்தது என்று அவர் முடிவு கட்டினார். அவருடைய நூல் வெளிவந்த 1648-க்கு வெகுகாலம் கழித்தே, இலைகள் வெயிலின் துணையால் காற்றிலுள்ள கரியமில வாயுவை உடம்பாக்கிக் கொள்கின்றன என்பது விளங்கிற்று. ஆகவே ஆலமரமும் அறுகம்புல்லும் பெரும்பாலும் காற்றாலானவையே! அமெரிக்காவில் மரக்கிளையிலும் தந்திக் கம்பியிலும் மண்ணைத் தொடாமல் வாழும் செடிகள் சில உண்டு. அவை பனியையும் மழையையும் இலையாலேயே பருகிவிடுகின்றன. நமது கருடனுக்கோ அந்த வசதி இல்லை. அதற்கு மண் வேண்டும்.

மெய்யாகவே பறக்கும் செடியைத்தான் காண வேண்டும் என்பவர்கள் கோடைக் காற்றில் எருக்கங்காய் வெடிப்பதைப் பார்க்கலாம். குழந்தைகள் துரத்தும் தாத்தா பூச்சி ஒவ்வொன்றும் பட்டுக் குடை பிடித்து வேறு ஊருக்குக் குடி போகும் விதை. பருத்திப் பஞ்சும் விதையின் மேல் வளர்ந்த மயிர்தானே? அருப்புக்கோட்டைத் தறியில் நெய்யும் புடவை, பறக்க நினைத்த விதையின் இறகு என்றால் தவறில்லை.

இவ்வளவும் ரஸமான பேச்சு. ஆனால் பாம்பு விஷயத்தில் விளையாட்டுக்கு இடமில்லை. 2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் மாண்டவர்கள் சுமார் 12 லட்சம் பேர் என்று ஆராய்ச்சியாளர்கள் கணக்கிட்டிருக்கிறார்கள். இவர்களில் பெரும்பாலோர் கிராமவாசிகள். வாசலில் தொங்கும் கிழங்கு பாம்பைத் தடுக்காது. அரைத்துக் கொடுத்தால் விஷத்தை இறக்காது. கடிபட்டவரை அந்த நிமிஷமே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். விஷமுறிவு மருந்து ஒன்றே கதி.

கிழங்குக்கும் நம்மால் ஆபத்து இருக்கிறது. இலையைப் பறித்தால் செடி பிழைக்கும். கிழங்கைப் பறித்தால் செடியே போயிற்று. வாசலுக்கு ஒன்றென்று தோண்டினால் காட்டில் என்ன மிஞ்சும்? போதாக்குறைக்கு அயல் நாட்டிலிருந்து வந்த சீமைக் கருவேல் கண்மாய்களையும் தரிசுகளையும் ஆக்கிரமித்து, நம்முடைய முட்புதர்களை நெருக்கித் தள்ளுகிறது. அம்மாதிரி அயல் தாவரங்களை அகற்றுவதற்குத் தமிழ்நாடு அரசு 2022-இல் ஒரு கொள்கையே வகுத்தது. அதே சமயம், அம்மரத்தைச் சுட்டுக் கரியாக்கிப் பிழைக்கும் ஏழைகளுக்கு வேறு வழி காட்டுவதும் கடமை.

நம்மாலும் ஒரு சிறு காரியம் செய்ய முடியும். வீட்டு வாசலில் ஆகாச கருடன் தொங்கினால், தளிர் விட்ட உடனே கயிற்றை அவிழ்த்து, வேலியோரத்தில் தண்ணீர் தேங்காத இடமாகப் பார்த்து நட்டுவிடுங்கள். அடுத்த மழைக்குப் படரும். பவளக் கனி பழுக்கும். அதன் விதை மண்ணில் விழும். வாசலைக் காக்கும் என்று நாம் நம்பிய கிழங்கை நாம் காப்பாற்றியதாக இருக்கட்டும்!