ஆணி பட்ட முகம்

பெங்களூரு ரிச்சர்ட்ஸ் பார்க்கை ஒட்டிய ஒரு பழைய வீட்டு மாடியில், அங்கிளிடம் மேக்கப் கற்கிறேன். கல்யாண மேக்கப் அல்ல. காயம், தழும்பு, கிழடு, பேய். சினிமாவில் பெண்கள் தலை அலங்காரம் செய்யலாம், மேக்கப் போடக் கூடாது என்றிருந்த சங்க விதியை உச்ச நீதிமன்றம் 2014-இல்தான் அடித்துப்போட்டது என்று அம்மாவிடம் பெருமையாகச் சொன்னேன். "அப்போ தலையே வாரிவிடேன், பேயெல்லாம் எதுக்கு?" என்கிறாள்.

அங்கிளின் பாடப்புத்தகம் ஒரே நடிகை: பார்பரா ஸ்டீல். இங்கிலாந்துக்காரர். 1960-இல் மரியோ பாவா எடுத்த 'பிளாக் சண்டே' என்ற இத்தாலியப் படத்தில் சூனியக்காரியாகவும், இருநூறு ஆண்டு கழித்து அதே வம்சத்தில் வரும் இளவரசியாகவும் இரட்டை வேடம். உள்பக்கம் ஆணிகள் நீட்டிக்கொண்டிருக்கும் முகமூடியை எடுத்த எடுப்பிலேயே அவர் முகத்தில் வைத்துச் சம்மட்டியால் அடிப்பார்கள். பிறகு அந்தத் துளைகளோடுதான் சூனியக்காரி பேசுகிறாள், மயக்குகிறாள்.

அந்தத் துளைகள்தான் என் முதல் பாடம். மெழுகை விரல் சூட்டில் பிசைந்து, ஸ்பிரிட் கம் தடவிய கன்னத்தில் பொட்டளவு ஒட்டி, ஓரத்தைத் தோலோடு தோலாக வழித்துவிட வேண்டும். பிரஷ்ஷின் பின்நுனியால் நடுவில் அழுத்தினால் குழி. குழிக்குள் கறுப்பு வைக்கக் கூடாது, கறுத்த சிவப்பு. விளிம்பில் தோலைவிட ஒரு படி வெளுப்பு. அது இல்லாவிட்டால் துளை மச்சமாகிவிடும். கண்ணைச் சுற்றி மட்டும் எதுவும் கிடையாது. "அங்க கை வைக்காதமா. அந்தப் பொண்ணு நடிக்க இடம் வேணும்ல" என்பார் அங்கிள்.

படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தால் அவர் சொல்வது சரிதான். துளைகள் அருவருப்பைத்தான் தருகின்றன, பயமுறுத்துவது ஸ்டீலின் அந்தப் பெரிய கண்கள். அந்தப் படத்தில் குரல்கூட அவருடையதில்லை, டப்பிங். நமக்கு இது புதிதல்ல. 'மணிச்சித்ரதாழு'வில் ஷோபனாவின் நாகவல்லிக்குக் குரல் கொடுத்தவர் துர்கா. முகம் ஒருத்தி, குரல் ஒருத்தி என்று பிரித்த பிறகும் நாகவல்லி நம் தூக்கத்தைக் கெடுத்தாளே!

என்னை மயக்கியது பாவாவின் விளக்கு வித்தை. 1957-இல் வந்த 'ஐ வாம்பிரி'க்கு அவர்தான் ஒளிப்பதிவாளர். அதில் ஜியானா மரியா கனாலே வெட்டே இல்லாத ஒரு ஷாட்டில் நம் கண்ணெதிரே கிழவியாவார். முகத்தில் சுருக்கங்களைச் சிவப்பில் வரைந்து சிவப்பு வெளிச்சத்தில் எடுத்தால், கறுப்பு வெள்ளைப் படத்தில் அவை தெரியாது. வெளிச்சத்தைப் பச்சைக்கு மாற்றும்போது மெல்ல மெல்ல கறுத்து வரும். பாவா கண்டுபிடித்ததல்ல, ஹாலிவுட்டின் கார்ல் ஸ்ட்ரஸ் 1925-இன் 'பென்-ஹர்' படத்திலேயே செய்தது. ஆனால் காசில்லாத படத்துக்கு இதைவிடச் சிக்கனம் வேறென்ன? எஸ்.பி. ரோட்டில் வாங்கிய நிறம் மாறும் பல்பு, லிப்ஸ்டிக், கறுப்பு வெள்ளையில் வைத்த போன். நெற்றியில் கோடு போட்டுக்கொண்டு நானே உட்கார்ந்தேன். பச்சை ஏற ஏற போனில் என் பாட்டி வந்து நின்றாள்.

ஸ்டீலை ஃபெல்லினி '8½'-இல் போட்டார். இருந்தும் கூப்பிட்டதெல்லாம் கல்லறைக்கும் கோட்டைக்கும்தான். 1965-இல் 'நைட்மேர் காஸில்', அதிலும் இரட்டை வேடம். 'ஷீ பீஸ்ட்' படத்துக்கு ஒரே நாள் கால்ஷீட் வாங்கி, அந்த ஒரு நாளைச் சக்கையாகப் பிழிந்தார்கள். பின்னாளில் 'வார் அண்ட் ரிமெம்பரன்ஸ்' தொடரின் தயாரிப்பாளராக அவர் எம்மி வாங்கியதை அங்கிள் தன் வீட்டுப் பெண் வாங்கியதுபோலச் சொல்வார்.

இப்போது கையில் ஒரு கன்னடக் குறும்படம். நடிகை ஒரு நாள்தான் வருவாராம். "முகம் ஃபுல்லா பயங்கரமா இருக்கணும் அங்கிள்" என்றான் டைரக்டர் பையன். அங்கிள் திருப்பிக் கேட்டது ஒன்றுதான்: "லைட்டு யாருப்பா பண்றது?"